சாமிக்குத் தெற்கே

எரியோட்டுப் பக்கம் எங்கள் அப்பா விட்டுப்போன தோட்டத்தில் வடபாதி அண்ணனுக்கு, தென்பாதி எனக்கு. அப்பா உயிரோடு இருந்தபோதே பழைய இரண்டு சர்வே எண்படியே பிரித்துக் கொடுத்து, பட்டாவையும் தனித்தனியாக மாற்றிவிட்டார். பொம்பளப் பிள்ளைக்கு நிலம் எதற்கு, நகையைப் போட்டு அனுப்பினால் போதாதா என்று கேட்டவர்களிடம், "ரெண்டும் நான் பெத்ததுதான" என்று ஒரே வார்த்தையில் முடித்துக்கொண்டார். அண்ணனும் அன்றைக்கு முகம் சுளிக்கவில்லை. இதை முதலிலேயே சொல்லிவிட வேண்டும். என் அண்ணன் பேராசைக்காரர் இல்லை. பேராசைக்காரராக இருந்திருந்தால் எனக்கு இவ்வளவு பாடு வந்திருக்காது. நன்றாக நாலு வார்த்தை கேட்டுவிட்டு நிம்மதியாகத் தூங்கியிருப்பேன்.

நான் வாக்கப்பட்டது திண்டுக்கல்லுக்கு. பேகம்பூர் போகிற வழியில் எனக்கும் என் வீட்டுக்காரருக்கும் ஒரு மருந்துக்கடை. ஒரே மகன். தொப்பம்பட்டிப் பக்கம் ஒரு நூல் மில்லில் வேலை, தினமும் பைக்கில் போய் வருகிறான். என் பங்கு நிலத்தை உள்ளூர்க்காரர் ஒருவர் குத்தகைக்குப் பார்க்கிறார். கடையை விட்டு நகர முடியாததால் நான் தோட்டத்துக்குப் போவதே அபூர்வம். போகாத நிலம் சும்மா இருக்குமா, கொஞ்சம் கொஞ்சமாக நகரத்தான் செய்யும்.

இரண்டு பங்குக்கும் நடுவே கிழக்கு மேற்காக ஒரு வரப்பு. கிழக்கு முனையில் கிணறு. அங்கே தகராறு இல்லை, கிணற்றின் தென்மூலைதான் எல்லை என்று இருவருமே ஒத்துக்கொள்வோம். மேற்கு முனையில் ஓடைக்கரை. வினை அங்கேதான். ஓடைக்கரையில் இரண்டு கற்கள் இருக்கின்றன. ஒன்று வேப்பமரத்தடியில் இருக்கும் கருப்பு. சாமி என்றால் சிலை கிலை எதுவும் இல்லை, முழங்கால் உயரத்துக்கு ஒரு கல், அவ்வளவுதான். எங்களுக்கு நினைவு தெரிந்த நாளிலிருந்து மஞ்சளும் எண்ணெயும் பூசிப் பூசி, கல் எது பூச்சு எது என்று தெரியாமல் மொழுமொழுவென்று ஆகிப்போனது. இடுப்பில் ஒரு சிவப்புத் துணி. மாசி மாதம் பொங்கல் வைப்போம். இன்னொன்று அதற்குத் தெற்கே கொஞ்சம் தள்ளி நிற்கும் வெறும் கல். அதில் மாடு கட்டுவார்கள்.

என் கல்யாணத்துக்கு முன்னால் அப்பா எங்கள் இருவரையும் ஓடைக்கரைக்குக் கூட்டிக்கொண்டு போய், "சாமிக்குத் தெக்க தங்கச்சிக்கு, வடக்க உனக்கு" என்று கையை நீட்டிக் காட்டினார். அது என் நினைவு. அண்ணனின் நினைவில் அப்பா காட்டியது மாட்டுக்கல்லை. வரப்பு சாமியிடம் போய் முடிந்தால் ஒரு கணக்கு, மாட்டுக்கல்லிடம் போய் முடிந்தால் வேறு கணக்கு. நடுவில் ஓர் ஆப்பு மாதிரி, கிணற்றுப் பக்கம் ஒல்லியாகத் தொடங்கி ஓடைப் பக்கம் போகப் போக அகலும் ஒரு துண்டு நிலம். ஒரு வருஷம் அடித்த மழையில் ஓடை பெருகி வரப்பைக் கரைத்துவிட்டது. அண்ணன் கிணற்றிலிருந்து மாட்டுக்கல்லுக்குக் கயிறு கட்டிப் புது வரப்புப் போட்டார். எனக்கு அது தெரியவே தெரியாது. பீர்க்கங்காய்ப் பந்தல் போடுவதற்காகக் கல்தூண்களை அவர் அந்த வரப்பையொட்டி வரிசையாக நட்ட பிறகுதான் குத்தகைக்காரர் சொல்லி எனக்குத் தெரிந்தது.

போய்ப் பார்த்தபோது வயிறு எரிந்தது. தூண் ஊன்றிய பிறகு நியாயம் பேசுவது, பந்தியில் இலை போட்ட பிறகு எழுந்திருக்கச் சொல்வது போல. இருந்தாலும் கேட்டேன்.

"அண்ணே, எங் காட்டுக்குள்ள வந்து தூண் நட்டிருக்கீங்க."

"உங் காடா? எல்லை மாட்டுக்கல்லுதான ஆத்தா."

"அப்பா சாமியத்தான் காட்டுனாரு. எங் கண்ணு முன்னாடியே நிக்குது."

"அப்ப உங் கண்ணு எங்க இருந்துச்சு? கல்யாணச் சேலை மேலதான இருந்துச்சு" என்று சிரித்தார். பிறகு சிரிப்பை விட்டுவிட்டு, "சாமியக் கொண்டுபோயி எவனாச்சும் எல்லைக்கல்லா வப்பானா? கருப்பு எம் பங்குக்குள்ள இருக்கு. அதான் வருசா வருசம் நான் முன்ன நின்னு பொங்க வைக்கிறேன்" என்றார்.

அவர் சொன்னதிலும் ஒரு நியாயம் இருக்கத்தான் செய்தது. அதுதான் எனக்குக் கோபத்தைக் கிளப்பியது. தாயும் பிள்ளையும் ஆனாலும் வாயும் வயிறும் வேறு என்று சும்மாவா சொன்னார்கள் என்று கத்திவிட்டு வந்தேன். மறுநாளே வேடசந்தூருக்குப் போய் நிலத்தை அளந்து எல்லை காட்டச் சொல்லி மனுக் கொடுத்தேன். அரசாங்க அளவுச் சங்கிலிக்கு அண்ணன் தங்கை தெரியாது, அது சொல்வதை இருவரும் கேட்டுக்கொள்வோம் என்பது என் எண்ணம். ஆனால் சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி வரம் கொடுக்க வேண்டுமே. சர்வேயர் வருகிறேன் என்று சொன்ன நாளில் வேறு ஊருக்குப் போய்விட்டார். இன்னொரு நாள் சொன்னார், அன்றைக்கும் வரவில்லை. அவரையும் குற்றம் சொல்ல முடியாது, அவர் மேசையில் என்னைப் போல எத்தனையோ அண்ணன் தங்கைகள்.

இதற்குள் விஷயம் ஊருக்குள் போய்விட்டது. பெரியவர்கள் கூப்பிட்டு, இரண்டு பேரும் ஒரு முடிவுக்கு வாருங்கள் என்றார்கள். கோயில் வாசலில் உட்கார்ந்து பேசிக்கொண்டிருந்தபோது ஒருவர் அண்ணனைப் பார்த்து, "அப்பு, தூணை நட்டுட்டோம்னு வீம்புக்குப் பேசுறியோ?" என்று கேட்டுவிட்டார். அண்ணனுக்கு முகம் சிவந்துவிட்டது. விருட்டென்று எழுந்தார்.

"வார வெள்ளிக்கெழம ஈரத்துணியோட கருப்பு முன்னால சூடத்த அணைக்கிறேன். எல்லை மாட்டுக்கல்லுதான். எம் மக வயித்துல இருக்க பிள்ள மேல ஆணை."

பெரியவர்கள் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்துவிட்டார்கள்.

எங்கள் பக்கம் இதற்கு ஒரு முறை உண்டு. சத்தியம் செய்கிறவர் தலைமுழுகிவிட்டு ஈரத்துணியோடு வந்து, எரிகிற சூடத்தை உள்ளங்கையால் அடித்து அணைக்க வேண்டும். அணைத்துவிட்டால் வழக்கு முடிந்தது, எதிராளி அதன் பிறகு வாய் திறக்கக் கூடாது. சொன்னது பொய்யாக இருந்தால் சாமி பார்த்துக்கொள்ளும். யாரைப் பார்க்கும் என்றால், சத்தியம் செய்தவரை அல்ல, அவருடைய பிள்ளை குட்டியை. எதிராளி நடுவில் "வேண்டாம்" என்று தடுக்கலாம். தடுத்தால் அவர் தோற்றுப்போனார் என்று அர்த்தம்.

அண்ணன் மகளுக்குக் கல்யாணமாகி வெகுநாள் பிள்ளை இல்லை. இரண்டு முறை தங்கி, இரண்டு முறையும் கலைந்துபோனது. மூன்றாவது இது. எட்டாம் மாதம், பிறந்த வீட்டுக்கு வந்திருந்தாள். ரத்தக்கொதிப்புக்கு அவள் போடும் மாத்திரை என் கடையிலிருந்துதான் போகும். அட்டையை உறையில் போடும்போதெல்லாம் என்னை அறியாமல் ஒரு பெருமூச்சு வரும். அந்தப் பிள்ளை மேல்தான் அண்ணன் ஆணையிட்டிருந்தார். அவர் பொய் சொல்கிறார் என்றால் நான் இவ்வளவு பயந்திருக்க மாட்டேன், பொய்யர் கடைசி நேரத்தில் பின்வாங்கிவிடுவார். இவர் மனசாரச் சொல்கிறார். மனசாரத் தப்பாகச் சொல்கிறார். பின்வாங்கவே மாட்டார்.

மகனிடம் சொன்னேன். அவன் சிரித்தான். "கல்லுக்கு என்னம்மா தெரியும்? அது பாட்டுக்குச் செவனேன்னு கெடக்கு" என்றான். சரிதான். நானும் மருந்து விற்கிறவள், ரத்தக்கொதிப்பு எதனால் ஏறும் எதனால் இறங்கும் என்று தெரிந்தவள். சூடத்தை அணைப்பதால் ஒரு குழந்தைக்கு எதுவும் ஆகாது என்று கடையில் நிற்கும்போது எனக்குத் தெளிவாகத் தெரிந்தது. ஆனால் கடையைச் சாத்திவிட்டு வீட்டுக்குள் நுழைந்தால் அந்தத் தெளிவு என்னோடு உள்ளே வரவில்லை. அந்தப் பிள்ளைக்கு எது நடந்தாலும், எதனால் நடந்தாலும், ஊர் என்ன சொல்லும் என்று எனக்குத் தெரியும். அண்ணன் என்ன நினைப்பார் என்றும் தெரியும்.

வெள்ளிக்கிழமைக்குள் அளந்துவிட்டால் சத்தியத்துக்கே வேலை இல்லை. மறுபடியும் வேடசந்தூருக்கு ஓடினேன். சர்வேயர் சின்ன வயதுக்காரர், மரியாதையாகத்தான் பேசினார். "அடுத்த வாரம் கண்டிப்பா வாரேம்மா" என்றார். "அடுத்த வாரம் வந்து என்ன தம்பி செய்ய?" என்று கேட்டேன். அவருக்குப் புரியவில்லை. எப்படிப் புரியவைப்பது? ஒரு சூடம் எரிவதற்குள் வந்து அளந்துவிடுங்கள் என்றா?

வியாழக்கிழமை மத்தியானம் அண்ணன் மகள் போன் செய்தாள். மருந்து தீர்ந்துவிட்டதோ என்று எடுத்தேன்.

"அத்தே, அப்பா நாளைக்குச் சத்தியம் பண்றாகளாமே."

"உனக்கு யாரும்மா சொன்னது?"

"ஊரே சொல்லுது, எனக்குத் தெரியாதா? அத்தே, எனக்குப் பயமா இருக்கு. அப்பாகிட்டச் சொன்னா, நான் பொய்யா சொல்லப் போறேன், எதுக்குப் பயப்படுறேங்கிறாரு. பொய்யோ நெசமோ, எம் பிள்ளையை எதுக்கு இழுக்கிறாக?" சிறிது நேரம் அழுதாள். பிறகு, "நீங்க நிறுத்துங்க அத்தே. உங்களாலதான் முடியும்" என்றாள்.

என் நிலத்தை விட்டுவிடு என்று அவள் கேட்கவில்லை. ஆனால் அவள் கேட்டதற்கு அதுதான் பொருள். வைத்துவிட்டு உட்கார்ந்தேன். அப்பா எனக்கென்று கையை நீட்டிக் காட்டிய மண், அதை ஒரு வார்த்தையில் விடுவதற்கு எனக்கு என்ன தலையெழுத்து என்று ஆத்திரம் வந்தது. அந்த ஆத்திரம் சாயங்காலம் வரைகூடத் தாங்கவில்லை. வீட்டுக்காரரிடம் சொன்னேன். "விட்டுட்டு வா. மண்ணு எங்க போயிரப் போகுது" என்றார்.

வெள்ளிக்கிழமை காலையில் ஓடைக்கரையில் ஊர்க்காரர்கள் கொஞ்சம் பேர் நின்றார்கள். கருப்புக்குப் புது மஞ்சள் பூசி, மாலை போட்டிருந்தது. அண்ணன் கிணற்றில் முழுகிவிட்டு வேட்டியில் தண்ணீர் சொட்டச் சொட்ட வரப்பின் மேல் நடந்து வந்தார். அந்த வரப்பே தகராறில் உள்ள வரப்பு. பூசாரி தட்டில் சூடத்தை வைத்துக் கொளுத்தினார். அண்ணன் கையைத் தூக்குவதற்குள் நான் முன்னால் போனேன்.

"வேண்டாம் அண்ணே. நான் ஒத்துக்கிறேன். எல்லை நீங்க சொன்ன எடமாவே இருக்கட்டும்."

எல்லாருக்கும் அப்பாடா என்று இருந்தது. எனக்கும் அப்படித்தான். அண்ணனுக்கு மட்டும் இல்லை. என்னையே பார்த்தார். தலைமுடியிலிருந்து தண்ணீர் வழிந்துகொண்டிருந்தது.

"அப்படின்னா என்ன அர்த்தம்? நான் பொய்ச் சத்தியம் பண்ணப் போறேன், எம் பேரப்பிள்ளைக்கு ஆகாதுன்னு நீ எரக்கப்பட்டு விட்டுக்குடுக்கிறியோ?"

"அப்படி நான் சொல்லல."

"வேற எப்படி? ஊரே அப்படித்தான் நெனைக்கும். பிச்ச போடுறியா?"

சொல்லி முடிப்பதற்குள் ஓங்கி அடித்துச் சூடத்தை அணைத்துவிட்டார். தட்டு எகிறிக் கருப்பின் மேல் பட்டுக் கீழே விழுந்தது. "எல்லை மாட்டுக்கல்லு. கருப்பு சாட்சி" என்றார். விட்டுக்கொடுத்தது அவமானமாகப் போய்விடும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. நிலமும் போய், சத்தியமும் நடந்து முடிந்திருந்தது.

அதன் பிறகு நான் இருந்த இருப்பை எப்படிச் சொல்ல. கடைக்குப் போன் வந்தால் அண்ணன் வீட்டு நம்பரா என்றுதான் முதலில் பார்ப்பேன். மாத்திரை மாற்றிக் கொடுத்துவிடுவேனோ என்று ஒவ்வொரு சீட்டையும் திரும்பத் திரும்பப் பார்த்தேன். அண்ணன் மகளுக்கு மாதம் முடிவதற்கு முன்பே கொதிப்பு ஏறி, திண்டுக்கல்லுக்குக் கொண்டுவந்து, வயிற்றைக் கிழித்துத்தான் பிள்ளையை எடுத்தார்கள். ஆண் குழந்தை. எடை குறைவு என்று கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்துவிட்டார்கள். ஆஸ்பத்திரி வராண்டாவில் ஒரு முனையில் அண்ணன், இன்னொரு முனையில் நான். மதினி நடுவில் உட்கார்ந்து இரண்டு பக்கமும் காப்பி கொடுத்துக்கொண்டிருந்தார். அண்ணன் என்னோடு பேசவில்லை. ஆனால் நர்ஸ் எப்போது கதவைத் திறந்தாலும் நாங்கள் இருவரும் ஒரே நேரத்தில் எழுந்து நின்றோம்.

குழந்தை தேறியது. தாயும் தேறினாள். வீட்டுக்குக் கூட்டிப் போகலாம் என்று டாக்டர் சொன்ன அன்று நான் கழிப்பறைக்குள் போய்த் தண்ணீரைத் திறந்துவிட்டு அழுதேன். நிலம் போனதெல்லாம் எனக்கு அப்போது தூசி.

ஊரில் பேச்சு மாறிவிட்டது. சத்தியம் பலித்துவிட்டது, பிள்ளை தங்கமாகப் பிறந்திருக்கிறது, அப்படியென்றால் எல்லை மாட்டுக்கல்தான், தங்கச்சிதான் ஆசைப்பட்டுப் பேசியிருக்கிறாள் என்று. அதையும் பொறுத்துக்கொண்டேன். அந்த நேரம் பார்த்துச் சர்வேயர் போன் செய்தார். "உங்க மனு இருக்கும்மா, வர்ற புதன்கிழமை அளந்துரலாம்" என்றார். வேண்டாம், திரும்ப வாங்கிக்கொள்கிறேன் என்றேன். அண்ணனுக்கும் தகவல் போயிருந்தது. அவரே என்னைக் கூப்பிட்டார். சத்தியத்துக்குப் பிறகு அவர் என்னோடு பேசிய முதல் பேச்சு அது.

"எதுக்கு வேண்டாங்கிற? வரட்டும். அளக்கட்டும். நான் ஒண்ணும் உன்னய ஏமாத்தலேன்னு உனக்கும் தெரியட்டும்."

"எனக்குத் தெரியும் அண்ணே. விடுங்க."

"அதெல்லாம் விட முடியாது" என்று வைத்துவிட்டார்.

புதன்கிழமை சர்வேயர் நிலத்தின் அளவுப் படத்தைக் கையில் விரித்து வைத்துக்கொண்டு, பக்கத்து நிலங்களின் கற்களைத் தேடிப் பிடித்து, அங்கிருந்து அளந்து வந்தார். அண்ணன் தானே முன்னால் போய் முள்ளை வெட்டி வழி செய்து கொடுத்தார். மோர் வாங்கி வைத்திருந்தார், சர்வேயருக்கும் ஊற்றிக் கொடுத்தார், எனக்கும் நீட்டினார். அளவு ஓடைக்கரைக்கு வந்தது. நாடா மாட்டுக்கல்லைத் தாண்டி வடக்கே போனது. வேப்பமர நிழலுக்குள் போனது. சர்வேயர் நின்று, படத்தைப் பார்த்து, மறுபடி அளக்கச் சொன்னார். மறுபடியும் அதே இடம்தான். செருப்பைக் கழற்றிவிட்டுக் கருப்பின் முன்னால் குந்தினார்.

"ஐயா, இங்க ஒரு சர்வே கல்லு இருக்கணும். இந்தச் சாமியத் தவிர வேற கல்லே இல்லையே."

"நான் தொடலாமா?" என்று கேட்டார். பூசாரி அண்ணனைப் பார்த்தார். அண்ணன் மெதுவாக வந்து உட்கார்ந்து, சிவப்புத் துணியை அவிழ்த்து, தன் கையாலேயே கல்லின் தலையைச் சுரண்டினார். மஞ்சள், அதற்கடியில் கறுப்பாக எண்ணெய் அழுக்கு, அதற்கடியில் மறுபடியும் மஞ்சள். நகத்தால் முடியாமல் அரிவாள் நுனியால் எடுத்தார். கடைசியில் கல்லின் மேல்பக்கம் உளியால் வெட்டிய சர்வே அம்புக்குறி தெரிந்தது. எந்தக் காலத்திலோ அரசாங்கம் நட்டுவிட்டுப் போன எல்லைக்கல்லுக்கு யாரோ ஒருவர் மஞ்சள் பூசியிருக்கிறார். அதைப் பார்த்து இன்னொருவர் பூசியிருக்கிறார். அப்புறம் அது எங்கள் சாமியாகிவிட்டது.

எல்லைக்கல்லின் முன்னால் நின்றுகொண்டே, இது எல்லை இல்லை என்று சத்தியம் செய்திருக்கிறார் அண்ணன்.

நான் ஜெயித்திருந்தேன். யாராவது என்னைப் பார்த்துவிடுவார்களோ என்று இருந்தது. கூட்டத்தில் யாரோ "கருப்பு சும்மா விடுமா" என்று மெதுவாகச் சொன்னது எனக்கும் கேட்டது, அண்ணனுக்கும் கேட்டது. அவர் துணியை எடுத்துத் திரும்பவும் கல்லுக்குக் கட்டினார். முடிச்சு விழவில்லை, துணி நழுவிக்கொண்டே இருந்தது. நான் போய் முடிச்சுப் போட்டேன்.

"தெரியாம செஞ்சதுக்குத் தோசம் இல்ல, ஒரு கெடா வெட்டிக் கும்புட்டுக்கிட்டா சரியாப் போகும்" என்றார் பூசாரி. கிடாயும் வெட்டினார்கள். ஆனால் குழந்தை தும்மினால்கூட அண்ணன் எழுந்து போய்த் தொட்டுப் பார்ப்பதாக மதினி எனக்குப் போனில் சொன்னார். கிடைத்த இடத்தில் உட்கார்ந்து வெறித்துக்கொண்டிருக்கிறார், சோறு இறங்கவில்லை என்றார்.

ஒருநாள் காலை கடையில் கூட்டமாக இருந்தது. இருமல் மருந்து வாங்க வந்த பெண்களுக்குப் பின்னால் அண்ணன் நின்றார். எல்லாரும் போகும்வரை ஓரமாக நின்றுவிட்டு, மேசைக்கு முன்னால் வந்தார்.

"ஆத்தா, அந்த ஓடைப்பக்கத்து எடத்த எனக்கு விட்டுரு. அதுக்குப் பதிலா கிணத்தோரமா நல்ல மண்ணா எடுத்துக்க. எம்புட்டு வேணும்னாலும் எடுத்துக்க."

"எனக்கு ஒண்ணும் வேண்டாம் அண்ணே. தூண எடுக்கச் சொல்லி நான் கேட்டேனா? அது பாட்டுக்கு இருக்கட்டும்."

"தூணுக்காக இல்ல." மேசை மேல் கையை ஊன்றிக்கொண்டார். "நான் சத்தியம் பண்ண எடத்துலதான் எல்லை இருக்கணும். பத்திரத்துல இருக்கணும். அப்பத்தான் அது பொய்யில்லன்னு ஆகும். சின்னது ராத்திரியெல்லாம் அழுகுது ஆத்தா."

பிறந்த பிள்ளை ராத்திரி அழாமல் என்ன செய்யும்? அதைச் சொன்னேன். மருந்துக்கடைக்காரியாக நான் சொல்வதை ஊரெல்லாம் கேட்கும், அண்ணன் கேட்கவில்லை. என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார். சரி என்றேன்.

பத்திரம் எழுதுகிறவர் அறையில் மின்விசிறி சத்தத்துக்கு நடுவே அவர் எங்கள் விவரங்களை எல்லாம் கேட்டுத் தட்டச்சு செய்தார். அண்ணன் கிணற்றோரம் எனக்கு எழுதியது அந்த ஆப்புத் துண்டைவிடப் பெரியது. நான் எவ்வளவோ சொல்லியும் குறைக்கவில்லை. எழுதி முடித்ததும் எழுத்தர் வாசித்துக் காட்டினார். இந்தத் துண்டு இதுவரை தங்கைக்குப் பாத்தியப்பட்டது, இன்று முதல் அண்ணனுக்குப் பாத்தியப்படும், அதற்கு ஈடாக அந்தத் துண்டு இன்று முதல் தங்கைக்கு, என்று போயிற்று. அண்ணன் கையை நீட்டி நிறுத்தினார்.

"இன்று முதல்னு வேண்டாங்க. தேதிய முன்னாடி போடுங்க."

"எதுக்கு முன்னாடி?"

அண்ணன் சத்தியம் செய்த வெள்ளிக்கிழமைக்கு முந்தைய ஒரு தேதியைச் சொன்னார்.

எழுத்தர் கண்ணாடியைக் கழற்றினார். "அதெப்படிங்க முடியும்? இன்னைக்குப் பதியுற பத்திரத்துக்கு இன்னைக்குத் தேதிதான்."

"கொஞ்சம் பாருங்களேன். எனக்கு அந்தத் தேதிதான் வேணும்" என்றார் அண்ணன். ஆஸ்பத்திரி வராண்டாவில் பிள்ளை எப்படி இருக்கு என்று நர்ஸிடம் கேட்ட அதே குரல். எழுத்தருக்கே பாவமாக இருந்திருக்க வேண்டும். கொஞ்சம் யோசித்துவிட்டுச் சொன்னார்.

"தேதிய மாத்த முடியாது. ஆனா ஒண்ணு. நீங்க ரெண்டு பேரும் முன்னாடியே வாய்ப்பேச்சா மாத்திக்கிட்டு, அதும்படியே அனுபவிச்சுக்கிட்டு வந்திருந்தா, அத இப்ப எழுத்துல உறுதிப்படுத்துறதா எழுதலாம். அப்படி ஏதும் பேசிக்கிட்டீங்களா?"

அண்ணன் தலையைக் குனிந்துகொண்டார். அவருக்குப் பொய் வராது. பொய் வந்திருந்தால் நாங்கள் இந்த அறைக்கே வந்திருக்க மாட்டோம். எழுத்தர் என் பக்கம் திரும்பினார்.

"பேசிக்கிட்டோம்" என்றேன்.

"எப்பம்மா?"

"பந்தலுக்குத் தூண் நடுறதுக்கு முன்னாலயே. அண்ணன் கேட்டாரு, நான் சரின்னேன்."

ஊர் இதை நம்பாது. நான் கொடுத்த மனு வேடசந்தூரில் இருக்கிறது, நான் போட்ட சண்டையைப் பார்த்தவர்கள் இருக்கிறார்கள். ஆனால் ஊருக்காக இல்லை. எழுத்தர் விரலைப் பொத்தான்களின் மேல் வைத்துக்கொண்டு, வழக்கமாக எல்லாரிடமும் கேட்பது போலத்தான் கேட்டார்.

"நெசந்தானம்மா? பின்னாடி மாத்திச் சொல்லக் கூடாது."

"சத்தியமா" என்றேன்.

அண்ணன் சட்டென்று நிமிர்ந்து என்னைப் பார்த்தார். "ஆத்தா" என்று ஏதோ சொல்ல வந்தார். அதற்குள் எழுத்தர் தட்டத் தொடங்கிவிட்டார். நான் வெளியே வந்து மகனுக்குப் போன் போட்டேன். எடுக்க நேரமானது. எடுத்து, "என்னம்மா, சாப்ட்டுக்கிட்டிருக்கேன்" என்றான். ஒன்றுமில்லை, சாயங்காலம் பைக்கைப் பார்த்து ஓட்டிக்கொண்டு வா என்றேன்.